அமாவாசைக்குப் பதினைந்தாம் நாள்

இருபத்தெட்டு வருஷம் பிள்ளைகளுக்கு அறிவியல் நடத்தினேன். வருஷாவருஷம் எட்டாம் வகுப்பில் அண்டத்தைப் பற்றி ஒரு பாடம் வரும். சாக்பீஸைப் படுக்கப்போட்டுக் கரும்பலகையில் ஓர் இழுப்பு இழுத்து, "இதுதான் பால்வீதி, நாமெல்லாம் இதற்குள்ளேதான் இருக்கிறோம்" என்பேன். பிள்ளைகள் எழுதிக்கொள்வார்கள். பரீட்சையில் அது ஒரு மதிப்பெண் கேள்வியாக வரும். நானே சிவப்பு மையால் சரி போடுவேன். அந்தப் பால்வீதியை நான் ஒருநாளும் கண்ணால் பார்த்ததில்லை.

சொன்னால் எங்கள் பக்கத்தில் யாரும் நம்ப மாட்டார்கள். தோட்டம் துரவு என்று இருக்கிற சனம், ராத்திரி வெளியே வந்து அண்ணாந்து பார்த்தால் போதாதா என்பார்கள். நான் பிறந்தது நகரத்துக்குள், கணபதி என்கிற பகுதியில், மில்லுக்குப் பக்கத்தில், வாசலிலேயே தெருவிளக்குக் கம்பம் நின்ற வீட்டில். பள்ளிக்கூட லீவுக்குப் போனது பொள்ளாச்சி அத்தை வீட்டுக்கு. அங்கே வீட்டைச் சுற்றித் தென்னந்தோப்பு. ஓலைகளுக்கு நடுவே வானம் கிழிசல் துணி மாதிரி துண்டு துண்டாகத்தான் தெரியும். கல்யாணமாகி வந்தது நாலு தெரு தள்ளி, அதே கணபதிக்கு. வீட்டை ஒட்டியே என் வீட்டுக்காரருடைய பட்டறை, மோட்டார் பம்புக்கு உதிரிபாகம் செய்கிற இடம். பட்டறை வாசலில் முதலில் மஞ்சள் விளக்கு இருந்தது, அப்புறம் வெள்ளை எல்இடி வந்தது. எங்கள் மொட்டைமாடியில் நின்றால் ராத்திரி வானம் ஆறிப்போன டீயின் நிறத்தில் இருக்கும்.

ஒருமுறை அவரிடம் இதைச் சொன்னேன். "நம்ம தோட்டத்துல இல்லாத வானமா?" என்றார். தாராபுரத்துக்கு அந்தப்பக்கம் அவர் பங்குக்குக் கொஞ்சம் நிலம் உண்டு. ஒரு கோடை லீவில் அழைத்துப் போனார். பக்கத்துத் தோட்டத்தில் புதிதாகக் கோழிப்பண்ணை போட்டிருந்தார்கள். குஞ்சுகள் ராத்திரியும் தீனி தின்ன வேண்டுமாம், விடிய விடிய விளக்கு எரிந்தது. மேற்கே காற்றாலைகளின் உச்சியில் சிவப்பு விளக்குகள் வரிசையாக மினுக்கிக்கொண்டிருந்தன. அவர் கயிற்றுக் கட்டிலில் மல்லாந்து படுத்துக்கொண்டு, "எத்தனை நட்சத்திரம் பாரு அம்மணி" என்றார். உட்கார்ந்து எண்ணினால் கால் மணி நேரத்தில் எண்ணி முடித்துவிடலாம். நான் "ஆமாங்க" என்றேன்.

போன வருஷம் மே மாதம் பணி ஓய்வு பெற்றேன். சால்வை போர்த்தி, ஒரு குத்துவிளக்கைக் கையில் கொடுத்து அனுப்பினார்கள். வீட்டுக்கு வந்து விளக்கை அலமாரியில் வைத்த அன்றைக்கே முடிவு செய்தேன், பார்த்தே தீர்வதென்று. வேறு ஆசையெல்லாம் எனக்கு எப்போதோ வடிந்துவிட்டது. காசிக்குப் போக வேண்டும், வைரத்தோடு போட வேண்டும் என்றெல்லாம் ஒன்றுமில்லை. இருபத்தெட்டு வருஷம் நான் சொன்னது உண்மைதான் என்று என் கண் எனக்குச் சொல்ல வேண்டும், அவ்வளவுதான்.

அதற்கு மேகம் இல்லாத வானம் வேண்டும், விளக்கு இல்லாத தரை வேண்டும், காற்றில் ஈரம் இருக்கக்கூடாது. எல்லாம் சேர்ந்து கிடைக்கிற இடம் ராஜஸ்தான் பாலைவனம். ஜெய்சல்மேரைத் தாண்டி மணல்மேட்டுக்கு நடுவில் கூடாரம் போட்டுத் தங்கவைக்கிறார்கள். நாலைந்து இடங்களுக்குப் போன் போட்டு, எனக்குத் தெரிந்த பள்ளிக்கூடத்து இந்தியில் விசாரித்தேன். ஓர் இடத்து மேனேஜர், "நட்சத்திரம் பார்க்க ஆள் வந்தால் சாப்பாடு முடிந்ததும் விளக்கையெல்லாம் அணைத்துவிடுவோம், ஆனால் அமாவாசைக்கு வாருங்கள்" என்றார். அது எனக்கே தெரியும். நிலா இருந்தால் பால்வீதி கரைந்துபோகும். குளிர்காலத்தில் அது கோடையைப்போலத் தடித்துத் தெரியாது, ஆனால் நல்ல இருட்டில் தெரியும். மார்கழி அமாவாசையைக் குறித்துக்கொண்டேன்.

அந்த அமாவாசை என்ற சொல்லை எங்கள் வீட்டில் அப்படி லேசாகச் சொல்லிவிட முடியாது. மாதாமாதம் அமாவாசை அன்று பட்டறையில் பூசை. காலையிலேயே லேத், டிரில்லிங், பவர் பிரஸ் எல்லாவற்றையும் எண்ணெய்ப் பிசுக்குப் போகத் துடைத்து, சந்தனம் குங்குமம் வைத்து, மாலை போட்டு, பொரிகடலையும் வாழைப்பழமும் படைப்பார்கள். கற்பூரம் ஏற்றிய பூசணிக்காயை மூன்று சுற்றுச் சுற்றி வாசலில் உடைப்பது அவர் கைதான். வேறு ஆளை உடைக்க விடமாட்டார். ஒரே ஒரு அமாவாசைக்கு அவர் இல்லாமல் போனது. மகளைக் கல்லூரியில் சேர்க்க நான்தான் வற்புறுத்திக் கூட்டிப்போனேன். அன்று மத்தியானம் தகடு வெட்டுகிற பவர் பிரஸ்ஸில் வேலை செய்தவருக்கு வலது கையில் இரண்டு விரல் போய்விட்டது. அதற்குப் பிறகு இந்தப் பதினோரு வருஷத்தில் ஓர் அமாவாசைகூட அவர் ஊரைத் தாண்டியதில்லை. சொந்த அக்கா மகன் கல்யாணத்துக்கே போகவில்லை.

பூசைக்கும் பிரஸ்ஸுக்கும் சம்பந்தமில்லை, தேய்ந்த கிளட்சுக்கும் பிரஸ்ஸுக்கும்தான் சம்பந்தம் என்று எனக்குத் தெரியும். அவரிடம் அதைச் சொன்னதில்லை. விரல் போன அந்த மனுஷர் ஆஸ்பத்திரியில் படுத்திருந்த ஒன்பது நாளும் இவர் வீட்டில் சரியாகச் சோறு உண்ணவில்லை. இவரிடம் போய் அறிவியல் பேச எனக்கு வாய் வரவில்லை.

அதனால் தேதியை மட்டும் சொன்னேன். சாப்பிட்டுவிட்டுக் கை கழுவி வந்தவரிடம், "ஏனுங்க, டிசம்பர் மாசம் ஒரு நாலு நாளு ராஜஸ்தான் போயிட்டு வரலாமுங்க. பாலைவனத்துல நட்சத்திரம் நல்லாத் தெரியுமாமா" என்றேன். பதினைந்து நாள் கெஞ்ச வேண்டியிருக்கும் என்று நினைத்திருந்தேன். அவர் துண்டில் கையைத் துடைத்துக்கொண்டே, "போலாம். ரிட்டயர் ஆயி ஒரு பக்கமும் கூட்டிட்டுப் போகலியே" என்று சொல்லிவிட்டார். தேதி என்ன கிழமை என்று கேட்டார், சொன்னேன். காலண்டரைப் பார்க்கவில்லை. அந்த நிமிஷம் எனக்கு நெஞ்சு குறுகுறுத்தது. ஆனாலும் சொல்லவில்லை. டிக்கெட் எடுத்த பிறகு தெரியட்டும், அப்போது பார்த்துக்கொள்ளலாம், ஒரு தடவை அவர் தம்பியை விட்டுப் பூசணிக்காய் உடைக்கச் சொன்னால் என்ன என்று நினைத்தேன். அது ஏமாற்றுதான். இப்போது வேறு பெயர் வைக்க விருப்பமில்லை.

மறுநாளே அந்தத் தம்பியும் அவர் சம்சாரமும் வருகிறார்கள் என்று ஆகிவிட்டது. "தனியாப் போயி என்ன பண்றது, நாலு பேராப் போனாத்தான் பேச்சுத்துணை" என்றார் அவர். வாயைத் திறந்து பேசினாலே குலைந்துபோகிற ஒரு காரியத்துக்குப் பேச்சுத்துணையா என்று நினைத்துக்கொண்டேன். அதைவிடப் பெரிய சங்கடம் ஒன்று இருந்தது. தம்பியும் கூட வந்தால் அமாவாசைக்குப் பூசணிக்காய் உடைக்க வீட்டில் ஆம்பளையே இருக்காது. இதையும் யோசித்தேன். யோசித்துவிட்டு, "சரிங்க" என்றேன்.

ஒரு நோட்டு போட்டேன். சூரியன் மறைகிற நேரம், முழு இருட்டு வருகிற நேரம், எந்தத் திசையில் எந்த நட்சத்திரக் கூட்டம், எல்லாம் எழுதினேன். டார்ச் வெளிச்சம் கண்ணைக் கெடுக்காமல் இருக்கச் சிவப்புக் கண்ணாடித்தாள் வாங்கி முகப்பில் ரப்பர் பேண்டு போட்டுக் கட்டினேன். கண் இருட்டுக்குப் பழக இருபது நிமிஷமாவது ஆகும். அதைப் பழக்கப்படுத்துகிறேன் என்று சாயங்காலங்களில் அறையை இருட்டாக்கிக்கொண்டு உட்கார்ந்திருப்பேன். அவர் எட்டிப்பார்த்து, "மண்டைவலியா? தைலம் கொண்டாரட்டுமா?" என்பார். மண்டைவலி இல்லை என்று விளக்குவதைவிடத் தைலத்தைத் தேய்த்துக்கொள்வது சுலபமாக இருந்தது, தேய்த்துக்கொண்டேன்.

கொழுந்தனார் சம்சாரமும் ஒரு பட்டியல் போட்டாள். அரிசியும் பருப்பும் சாதம் செய்யச் சின்ன குக்கர், வீட்டு அரிசி மூன்று கிலோ, பருப்புப்பொடி, நெய், ஊறுகாய், தேங்காய் எண்ணெய். "அங்க சப்பாத்திதான் போடுவாங்களாமாங்க்கா, நாலு நாளைக்கு உசுரு போயிரும்" என்றாள். என் நோட்டைப் புரட்டிப் பார்த்துவிட்டு, "இதென்னுங்க்கா, அங்கயும் போயிப் பரீட்சை வெக்கப்போறீங்களா?" என்று சிரித்தாள். நானும் சிரித்துவைத்தேன்.

கிளம்ப மூன்று வாரம் இருந்தபோது ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் நாலு பேரும் எங்கள் வீட்டில் சாப்பிட்டுக்கொண்டிருந்தோம். நான் ரசம் ஊற்றிக்கொண்டிருந்தேன். அவர் தம்பியைப் பார்த்து, "நல்லவேளை தப்பிச்சோம் போ" என்றார். பட்டறைக்கு மாலை கட்டித் தருகிற பூக்காரம்மா வந்து, அடுத்தடுத்த அமாவாசைக்கு எத்தனை முழம் வேண்டும் என்று கேட்டிருக்கிறார். இவர் காலண்டரைத் தள்ளிப் பார்த்திருக்கிறார். நாங்கள் பாலைவனத்தில் இருக்கப்போகிற நாள் சரியாக அமாவாசை.

"டீச்சராம் டீச்சரு, அமாவாசையப் பாக்காமத் தேதி குறிச்சுப்போட்டா" என்று என்னைப் பார்த்துச் சிரித்தார். கோபமே இல்லை. "அன்னைக்கே டிராவல்ஸ்காரருக்குப் போன் போட்டு மாத்திப்போட்டேன். டிக்கெட்டு, கூடாரம் எல்லாம். பதினஞ்சு நாளு தள்ளி, நல்ல நிறைஞ்ச பௌர்ணமிக்கு. உங்க அண்ணிக்குச் சொல்லாம வெச்சிருந்தேன்."

கரண்டியைப் பாத்திரத்துக்குள்ளேயே விட்டுவிட்டேன். பௌர்ணமி. மாதத்தில் இருக்கிற முப்பது நாளில் எந்த ஒரு நாள் ஆகவே ஆகாதோ அதைப் பொறுக்கி எடுத்து, எனக்காக, ஆசையாக வாங்கி வந்திருந்தார்.

"பௌர்ணமிக்கு நட்சத்திரம் தெரியாதுங்க. நெலா வெளிச்சத்துல மறைஞ்சு போயிருமுங்க" என்றேன்.

"நெலா இருந்தா நட்சத்திரம் எங்கீங்க அண்ணி போகும்? ரெண்டும் ஒண்ணாத்தான இருக்குது?" என்றார் கொழுந்தனார்.

"இருட்டுல அந்த மணல்ல பாம்பு பல்லி இருந்தாத் தெரியுமா? வெளிச்சம் இருந்தா நல்லதுதானுங்க்கா" என்றாள் அவர் சம்சாரம்.

அவர் மட்டும் என் முகத்தைப் பார்த்தார். "ஏன் அம்மணி, அத்தனை வித்தியாசமா இருக்கும்?" என்று கேட்டார். உண்மையாகத்தான் கேட்டார். அந்த இடத்தில் நான் சொல்லியிருக்கலாம். ஆனால் அமாவாசை வேண்டும் என்று சொன்னால், தெரிந்தேதான் அந்தத் தேதியைச் சொன்னேன் என்றும் சொல்ல வேண்டும். பூசையைத் தெரிந்தே தவறவிடப் பார்த்தேன் என்று ஆகும். தம்பி எதிரில், அவர் சம்சாரம் எதிரில், அந்த இரண்டு விரலுக்கு எதிரில். "அத்தனை ஒண்ணும் இருக்காதுங்க" என்று சொல்லிவிட்டு அவர் சோற்றில் ரசத்தை ஊற்றினேன்.

அந்த மூன்று வாரமும் அப்புறமும் நான் யாரோடும் சரியாகப் பேசவில்லை. நோட்டை எடுத்துப் பீரோவில் போட்டேன். பயணத்தை ரத்து செய்ய வழி தேடினேன். காய்ச்சல் வந்தால் தேவலை என்றிருந்தது, ஒரு தும்மல்கூட வரவில்லை. குறித்த அமாவாசை வந்தது. அவர் பட்டறை வாசலில் பூசணிக்காயை உடைத்தார். பொரி வாங்க வந்தவர்கள் போன பிறகு நான் வாசலைக் கூட்டிவிட்டேன். இந்நேரம் அங்கே இருந்திருக்க வேண்டும் என்ற நினைப்பு மட்டும் விளக்குமாற்றோடு போய் வந்துகொண்டிருந்தது.

பௌர்ணமிக்குப் போனோம். இரண்டு விமானம் மாறி, காரில் போய், கடைசி மூன்று கிலோமீட்டர் ஜீப்பில். மேற்கே சூரியன் மணலுக்குள் இறங்கியது. சொல்லிவைத்தாற்போல அதே நேரத்தில் கிழக்கே நிலா ஏறியது. பௌர்ணமி அன்று அப்படித்தான் நடக்கும், அதையும் நான் படம் வரைந்து நடத்தியிருக்கிறேன். ஏழு மணிக்கெல்லாம் மணல் முழுக்க வெளுத்துக் கிடந்தது. என் கைரேகை எனக்குத் தெரிந்தது. மேலே ஓரியன் கூட்டத்தின் மூன்று நட்சத்திரம், இன்னும் அங்கங்கே பத்திருபது. கணபதி மொட்டைமாடியைவிடக் கொஞ்சம் அதிகம். கூடார மேனேஜர், நான் போனில் பேசியவர், வந்து அறிமுகம் செய்துகொண்டார். "மேடம், நீங்கள் அமாவாசைக்குத்தானே வருவதாக இருந்தது? அன்றைக்கு வானம் கண்ணாடி மாதிரி இருந்தது" என்றார் இந்தியில். நல்லவேளை எங்கள் ஆட்களுக்கு இந்தி தெரியாது.

கொழுந்தனாரும் அவர் சம்சாரமும் ஒட்டகத்தின் பக்கத்தில் நின்று படம் எடுத்துக்கொண்டார்கள். நிலா வெளிச்சத்தில் படம் நன்றாக விழுந்தது. நான் மேட்டில் தனியாக உட்கார்ந்திருந்தேன். அவர் மூச்சு வாங்க மேடேறி வந்து, தன் கம்பளியை எடுத்து என் தோளில் போர்த்திவிட்டுப் பக்கத்தில் உட்கார்ந்தார். முழங்கால் வலியுள்ள மனுஷர், மணலில் ஏறுவது அவருக்கு லேசில்லை. கொஞ்ச நேரம் அவரும் அண்ணாந்து பார்த்தார்.

"தெரியுதா அம்மணி, நீ பாக்கோணும்னு சொன்னது?"

"தெரியுதுங்க" என்றேன்.

அவர் முகம் அப்படி மலர்ந்ததை எங்கள் மகள் பிறந்த அன்றைக்குப் பிறகு நான் பார்க்கவில்லை. எனக்கோ எழுந்து ஓடிவிடலாம் போலிருந்தது. எங்கே பார்த்தாலும் மணல், எங்கே ஓடுவது.

ஊருக்கு வந்த பிறகு அவர் அதை ஒரு கதையாகவே ஆக்கிவிட்டார். விருந்தில், எழவு வீட்டில், வங்கி வரிசையில், யாரைப் பார்த்தாலும் சொல்வார். "எங்கூட்டுக்காரிக்கு ஒரே ஆசைங்க, பால்வீதி பாக்கோணும்னு. பாலைவனத்துக்கே கூட்டிட்டுப் போயிக் காட்டிப்போட்டேன்." கேட்பவர்கள் என்னைப் பார்த்து, "குடுத்து வெச்சவங்க" என்பார்கள். நானும் பல்லைக் காட்டுவேன். ஒவ்வொரு முறையும் அந்த ஆசையின் மேல் ஒரு கூடை மண் விழுந்தது. காட்டியாகிவிட்டது, பார்த்தாகிவிட்டது. இனி நான் எந்த வாயால் மறுபடி கேட்பது?

போன மாதம் ஒரு கல்யாணத்தில் என்னோடு வேலை செய்த ஆசிரியையிடம் இதே கதையைச் சொன்னார். அந்த அம்மாள் ஆர்வமாக என் பக்கம் திரும்பி, "எப்படி இருந்துச்சுங்க? புகையாட்டம் இருக்குமா, பவுடராட்டம் இருக்குமா?" என்று கேட்டார். அந்தம்மாள் என்னையே பார்த்துக்கொண்டு நிற்க, புத்தகத்தில் இருந்த வரியை அப்படியே ஒப்பித்தேன்.

மறுநாள் காலை அவர் இட்லி சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது எதிரில் போய் உட்கார்ந்தேன். "அன்னைக்கு அந்த மணல்ல எனக்கு ஒண்ணும் தெரியலீங்க" என்றேன். "பௌர்ணமிக்கு அது தெரியவே தெரியாதுங்க. மொதல்ல சொன்ன தேதி அமாவாசைன்னு தெரிஞ்சேதான் சொன்னேன். பூசை போயிருமேன்னு நீங்க வேண்டாம்பீங்கன்னு மறைச்சுப்போட்டேன்."

பூசையைப் பற்றிக் கத்துவார் என்று எதிர்பார்த்து, அதற்குப் பதிலெல்லாம் தயாராக வைத்திருந்தேன். அவர் பூசையைத் தொடவே இல்லை. கையில் எடுத்த இட்லித் துண்டைத் தட்டிலேயே வைத்துவிட்டார்.

"தெரியுதான்னு கேட்டனே. தெரியுதுன்னு சொன்னியே."

"ஆமாங்க."

பட்டறையில் லேத் ஓட ஆரம்பித்திருந்தது. பிறகு தலையைத் தூக்காமலே கேட்டார்.

"இதாட்டம் இன்னும் எத்தனை சொல்லியிருக்கறே அம்மணி?"

குரலில் கோபம் இல்லை. பயந்து கேட்கிற மாதிரி இருந்தது. என்னைப் பெண் பார்க்க வந்த அன்று, பட்டறைச் சத்தத்துக்கு நடுவில் இருக்கச் சம்மதமா என்று இதே குரலில்தான் கேட்டார். அன்றைக்குச் சொன்ன பதிலில் தொடங்கி முப்பத்திரண்டு வருஷத்துப் பதிலெல்லாம் ஒவ்வொன்றாக என் முன்னால் வந்து நின்றது. எதைச் சொல்வது, எங்கே ஆரம்பிப்பது? அவர் இன்னும் தலையைத் தூக்கவில்லை.

"அது ஒண்ணுதானுங்க" என்றேன்.